சம்பந்தம் இல்லை என்ற வரி

பனியன் கம்பெனியில் செக்கிங் பார்க்கும் மருதம்மாள், வாய்தா நாளன்று லீவு போட்டுவிடுவாள். தலைக்குக் குளித்து, மடிப்புக் கலையாத சேலை கட்டிக்கொண்டு கோர்ட்டுக்கு வருவாள். அப்பீலுக்கு ஆள் நேரில் வரவேண்டியதில்லை என்று வக்கீல் சொல்லியும் கேட்கவில்லை. புருஷன் இல்லை, பிள்ளை இல்லை. கூடப்பிறந்த தம்பி சென்னிமலையைக் கண்ணால் பார்க்கக் கிடைப்பது அங்கே மட்டும்தான். வழக்கே அவனோடுதான்.

அவனும் தவறாமல் வந்தான். பேச மட்டும் மாட்டான்.

அப்பா விட்டுப்போனது அவள் குடியிருக்கும் வீடும், பல்லடம் ரோட்டில் ஒரு தறிக்கொட்டகையும். தம்பி நேரில் வந்து கேட்டிருந்தால் எல்லாவற்றையும் எழுதிக் கொடுத்திருப்பாள். அவனோ, அவளுக்குப் பங்கு வேண்டாம் என்று எழுதிய விடுதலைப் பத்திரத்தைக் கையெழுத்துக்காகப் புரோக்கரிடம் கொடுத்தனுப்பினான். அந்த ரோஷத்தில் கேஸ் போட்டாள். கீழ்க்கோர்ட்டில் அவளுக்குப் பாதி என்று தீர்ப்பானது. அவன் அப்பீல் செய்தான்.

கீழ்க்கோர்ட்டுக் கூண்டில் நின்று அவளுக்கு எதிராக அவன் சாட்சி சொன்னபோதுகூட, பக்கத்திலிருந்தவளிடம், "எப்படித் தடங்கலில்லாமப் பேசறான் பாருங்க. நான் வளத்த பையன்" என்றாள்.

இன்றைக்கு இரு தரப்பும் ராஜியாகிறார்கள். கொட்டகை அவனுக்கு, வீடு அவளுக்கு. அவளுடைய வக்கீல் கிருத்திகா சமரச மனுவை நீட்டினாள். மருதம்மாள் கண்ணாடியை மாட்டி, தையலைத் தடவிப் பார்ப்பதுபோல விரல் வைத்துப் படித்தாள். ஒரு வரியில் விரல் நின்றது. 'இனி ஒருவருக்கொருவர் எவ்விதப் பாத்தியமும் சம்பந்தமும் இல்லை.'

"ஏனுங் கண்ணு, சம்பந்தமில்லைன்னு போட்டிருக்குதே?"

"எல்லா ராஜியிலும் போடறதுதாங்கம்மா. சொத்தைப் பத்தி மட்டுந்தான்."

"அப்ப சொத்துலன்னு எழுதிருங்க. நாஞ் செத்தா பொறந்த ஊட்டுக் கோடித்துணி போத்த அவன்தானே வரோணும்? சம்பந்தமில்லாத ஆளு எப்படி வருவான்?"

எதிர்த்தரப்பு வக்கீல் சிரித்தார். "ஏம்மா, திருப்பூர்ல துணிக்கா பஞ்சம்?"

மருதம்மாள் பேனாவை மூடிவிட்டாள்.

தூணருகே நின்ற சென்னிமலை, இந்தப் பக்கம் திரும்பாமலே தன் வக்கீலிடம் சொன்னான்: "எழுதிக் குடுத்துருங்க சார். அது, ஒரு தையல் பிசகுனாலே பனியனைத் திருப்பி அனுப்பற ஆளுங்க."

'சொத்துகளைப் பொறுத்து' என்று பேனாவால் இடைச்செருகி, இருவரும் ஓரத்தில் கையெழுத்துப் போட்டார்கள். உள்ளே நீதிபதி இருவரிடமும் சம்மதம் கேட்டார். "சம்மதமுங்க" என்ற குரல்கள் ஒன்றாகவே வந்தன.

வெளியே வந்ததும் பழக்கத்தில் கேட்டுவிட்டாள்: "அடுத்த வாய்தா எப்பக் கண்ணு?"

"கேஸே முடிஞ்சுதுங்கம்மா. இனி நீங்க வரவே வேண்டாம்" என்றாள் கிருத்திகா சந்தோஷமாக.

மருதம்மாள் திரும்பித் தம்பியைத் தேடினாள். சென்னிமலை பைக்கை உருட்டிக்கொண்டிருந்தான். மூத்தவள் முதலில் பேசுவதா என்று இத்தனை காலம் இருந்துவிட்டாள். படியிறங்கி, "சென்னீ" என்றாள்.

அவன் நின்றான். "என்னக்கா?"

பைக்கின் கைப்பிடியில் தொங்கியதைக் காட்டினாள். "ஹெல்மெட் போட்டுட்டுப் போ."

போட்டுக்கொண்டு போனான். அவள் ஊர்ப்பக்கம் போகும் பஸ் வந்தது. ஏறவில்லை. வீட்டில் யார் காத்துக்கொண்டிருக்கிறார்கள்?