பெர்ரியில் அம்மா தூங்கிய வீடியோ

டீசல் புகையும் மீன் வாசனையும் சேர்ந்து மூக்கில் ஏறினால் போதும்... எங்கள் தீவின் சாத்தாம் ஜெட்டியில் அம்மாவோடு நிற்பது போலவே இருக்கும் எனக்கு.

அம்மா விடியற்காலையில் எங்கள் ஊர் பெரார்கஞ்சில் இருந்து கீரையும் வாழைக்காயும் கொண்டுவந்து டவுனில் விற்பாள். எனக்கு அப்போதுதான் அங்கே ஒரு ஜெராக்ஸ் கடையில் வேலை கிடைத்திருந்தது. சனிக்கிழமை அரை நாள் என்பதால் மதியம் வீடு திரும்ப இரண்டு பேரும் ஒன்றாகவே பெர்ரிப் படகு ஏறுவோம்.

பெர்ரி கிளம்பியதும் அம்மா தூங்கிவிடுவாள். காலிக் கூடையில் தலையைச் சாய்த்து, வாயைத் திறந்தபடி, முந்தானை விலகியதுகூடத் தெரியாமல்... அடித்துப் போட்ட மாதிரி ஒரு தூக்கம்.

அன்று தொப்பி போட்ட ஒரு டூரிஸ்ட் அவள் முகத்துக்கு நேரே போனை நீட்டி வீடியோ எடுத்துக்கொண்டிருந்தான். இந்தியில் கமெண்ட்ரி வேறு.

எனக்குச் சுர்ரென்று ஏறியது.

"பையா, பூச்கே லியா க்யா? டிலீட் கரோ!" கேட்டுவிட்டா எடுத்தாய் என்றேன்.

"பப்ளிக் ப்ளேஸ் ஹை" என்று சிரித்தான்.

பெர்ரி பொதுதான்... என் அம்மாவின் தூக்கமுமா பொது?

அக்கரை நெருங்கிவிட்டது. அங்கே டாக்ஸியில் ஏறிவிட்டானென்றால் அவனை எங்கே போய்த் தேடுவது? அம்மா எந்தெந்த ஊர்க்காரன் போனிலெல்லாம் வாயைத் திறந்து தூங்குவாளோ. இறங்கும் வழியில் குறுக்கே போய் நின்றேன். பின்னால் இறங்கக் காத்திருந்த ஸ்கூட்டர்கள் ஹாரன் அடித்தும் நகரவில்லை.

மீன் விற்கும் பெங்காலி அண்ணன்தான் முதலில் வாயைத் திறந்தார். "லட்கி டீக் போல்தி ஹை. மிட்டா தோ." பொண்ணு சொல்வது சரி, அழித்துவிடு என்று.

முகம் சுண்டிப்போய் அழித்தான். அழித்த படம் போய் ஒளிந்துகொள்ளும் இடத்தையும் திறக்கச் சொல்லி, அங்கிருந்தும் அழிக்க வைத்தேன்.

சத்தத்தில் அம்மா எழுந்துவிட்டாள். "என்னடி தகராறு?"

சொன்னேன். அவனுக்கே என்னவோ போலாகிவிட்டது. "ஆன்ட்டி, ஏக் போட்டோ லே லூம்?" ஒரு போட்டோ எடுத்துக்கட்டுமா என்று தயங்கிக் கேட்டான்.

இப்போதாவது கேட்டானே, சரியென்று தலையாட்டிவிடுவாள் என்றுதான் நினைத்தேன். அம்மா முந்தானையை இழுத்துச் செருகினாள். கூடையை இடுப்பில் வைத்தாள்.

"நஹி."

என்னைப் பார்த்து, "கேட்டான்ல, பதில் சொல்லிட்டேன். வாடி, பஸ் போயிரும்" என்று நடந்துவிட்டாள்.

இப்போது அதே பெர்ரியில் ஆளாளுக்கு ரீல்ஸ்... யாரும் யாரையும் கேட்பதில்லை. நான் மட்டும் இன்னும் "பூச்கே லியா க்யா?" என்று போய் நிற்கிறேன். சண்டைக்காரி என்று பெயர். இருக்கட்டும்.

மூட்டு வலி வந்து அம்மா கூடை தூக்குவதை விட்டுவிட்டாள். கூடையும் பெர்ரியுமாக அவள் இருக்கிற படம் ஒன்றுகூட எங்களிடம் இல்லை. சில நாள் ஏக்கமாகத்தான் இருக்கிறது...

ஆனாலும் அந்த வீடியோவை இன்றைக்கும் அழிக்கத்தான் சொல்வேன். அம்மா தூங்கினதை நான் பார்த்திருக்கிறேன். அது போதும்.