அக்கரைக்குப் போன காலைப் போன்

என் வீட்டுக்காரருக்கு அணு மின் நிலையத்துல போன் வேலை. ஆத்துக்கு இந்தப் பக்கம் நம்ம நாடு, அந்தப் பக்கம் வேற நாடு. ரெண்டு கரைக்காரங்களும் குடிக்கிறது அந்த ஒரே தண்ணி. அதனால தினம் காலையில அக்கரைத் தண்ணி நிலையத்துக்கு இவர் போன் பண்ணி, இங்க எல்லாம் சரியா இருக்குன்னு சொல்லணும். ரெண்டு நாட்டுக்கும் அப்படி ஒரு ஒப்பந்தம். சொல்லிச் சொல்லி அது வணக்கம் மாதிரி ஆயிடுச்சு. போனை எடுக்கிற அக்கரை மனுஷனை இவர் பார்த்ததே இல்ல. ஆனா அவர் பொண்ணுக்குப் பல் முளைச்சது வரைக்கும் தெரியும்.

அன்னிக்கு விடியும்போது உலைக் குழாய் வெடிச்சு, கதிர்வீச்சுத் தண்ணி ஆத்துல கலந்துடுச்சு. மேலிடம் சொல்ற வரைக்கும் யாரும் மூச்சு விடக்கூடாதுன்னு மேனேஜர் சொல்லிட்டார். இவரும் போனை எடுத்து, "எல்லாம் சரியா இருக்கு சார்"னுட்டார். வாய்ப் பழக்கமாம். பழக்கமாம், மண்ணாங்கட்டி!

வெளிய வந்து, அக்கரையில கட்டிக்கொடுத்த தங்கச்சிக்கு மட்டும் ரகசியமா ஒரு போன். "குழாய்த் தண்ணியைத் தொடாதே. யார்கிட்டயும் சொல்லாதே." எனக்கு அதுகூட இல்ல. சொன்னா ஊரைக் கூட்டிடுவேனாம்! நானும் புள்ளைங்களும் அன்னிக்கு முழுக்க அந்தத் தண்ணியைத்தான் குடிச்சோம்.

ஊரைக் கூட்டினது என் நாத்தனார். போனை வெச்ச கையோட தண்ணி நிலையத்துக்கு ஓடிப்போய்ச் சொல்லிட்டா. அவங்க உடனே குழாயை அடைச்சுட்டாங்க.

மறுநாள், நல்லா வாங்கிக் கட்டிக்கப் போறோம்னு நினைச்சுத்தான் இவர் போன் பண்ணியிருக்கார். அந்த மனுஷன் திட்டவே இல்ல. "உங்க தங்கச்சி சொன்னாங்க. உங்க புள்ளைங்களும் இதே தண்ணிதானே குடிச்சிருக்கும்? லாரியில நல்ல தண்ணி வருது, டாக்டரும் வர்றார். பாலத்துல மறிக்காம விடச் சொல்லுங்க"ன்னாராம்.

வீட்டுக்கு வந்து இவர் எல்லாத்தையும் சொன்னப்போ பிடிபிடின்னு பிடிச்சேன். "வெட்கமா இருக்குடி"ன்னார். நல்லா இருக்கட்டும்னுட்டு, தெரு முழுக்கக் கதவைத் தட்டி, தண்ணி லாரி வருது, குழாயைத் திறக்காதீங்கன்னு சொன்னேன். இவருக்கு நேத்தே தெரியும்கிறதை மட்டும் சொல்லல. எப்படிச் சொல்றது?

பாலத்துல எல்லாரும் குடத்தோட நின்னோம். முதல் லாரியிலேர்ந்து நாத்தனார் இறங்கி, நேரா இவர்கிட்ட வந்தா.

"எங்க தெருவுல எல்லா வீட்லயும்தான் புள்ளைங்க இருக்கு. எனக்கு மட்டும் நேத்துச் சொல்ல உனக்கு எப்படிண்ணா மனசு வந்துச்சு?"

வரிசையில நின்ன எங்க தெரு மொத்தமும் திரும்பிப் பார்த்துச்சு. பக்கத்து வீட்டுக்காரி கைக்குழந்தையை இன்னொரு தோளுக்கு மாத்திக்கிட்டு, "நேத்தேவா?"ன்னு என்னைக் கேட்டா. ஊரைக் கூட்டுறவ நான், என் இடத்தை அவளுக்கு விட்டுட்டு வரிசைக் கடைசியில போய் நின்னேன்.