மேடையைப் பெருக்கும் எல்மோர்

சிகாகோவின் தெற்குப் பக்கத்தில் எல்மோர் டிக்ஸைப் பிடித்தவர்கள் குறைவு. பகலில் அவர் பஸ் டிப்போவில் வண்டி கழுவுவார். அதில் யாருக்கும் கோபமில்லை. கோபமெல்லாம் புதன்கிழமை வேலையின் மேல்தான். அன்று சாயங்காலம் நாற்பத்தேழாம் தெரு அரங்கில் புதுப் பாடகர்கள் மேடையேறுவார்கள். பிடிக்காவிட்டால் கூட்டம் ஊளையிடும். ஊளை முற்றியதும் டிரம் முழங்கும். மஞ்சள் கோட்டும் படகு போன்ற செருப்புமாக எல்மோர் வந்து, பாடுகிறவரை நீளத் துடைப்பத்தால் குப்பை மாதிரி திரைக்குப் பின்னால் தள்ளுவார். மேடையில் கால் வைத்தபின் ஆளைத் தள்ளாமல் திரும்பினால் அவர் வேலை போய்விடும். அது அரங்கின் முதலாளி ஹாஸ்கின்ஸ் போட்ட சட்டம்.

தள்ளப்பட்டவர்கள் தெருவில் அவரைக் கண்டால் காறித் துப்புவார்கள். அது பழகிவிட்டது. பழகாதது ஒரு பாட்டு.

விட்டுப் போகிற புருஷனிடம் ஒருத்தி பாடுகிற பாட்டு. பழைய இசைத்தட்டு. "போறதுன்னா போ, விளக்கை அணைச்சிட்டுப் போ" என்ற வரியில் பாடகியின் குரல் உடைந்து ஒரு விம்மல் வரும். ரேடியோ இருந்த வீட்டுப் பெண்களெல்லாம் அந்த விம்மலைக் கற்றுக்கொண்டார்கள். தேவாலயத்தில் ஏசுவைப் பாடினாலும் அதே விம்மல், சோப்பு விளம்பரத்திலும் அதே விம்மல். புதன்தோறும் ஒருத்தியாவது அதை மேடையில் விம்முவாள். கூட்டம் ஊளையிட முன்கூட்டியே மூச்சிழுத்துக் காத்திருக்கும்.

எல்மோரின் மகள் வெர்னிடா அதே பாட்டைப் பாடுவதாகப் புதன்கிழமைப் போட்டிக்குப் பெயர் கொடுத்துவிட்டு வந்தாள். ஜெயித்தால் அரங்கின் இசைக்குழுவில் இடம் கிடைக்கும். அவளுக்கு வேறு கனவே இல்லை.

"வேற பாட்டுப் பாடு," என்றார் எல்மோர் சாப்பாட்டு மேஜையில். "இல்லேன்னா அந்த அழுகையையாவது விடு. அது அந்தம்மா அழுதது. உனக்கு என்னடி அழுகை?"

"துடைப்பம் பிடிக்கிறவரு பாட்டைப் பத்திப் பேச வந்துட்டாரு."

"ஊளையிட்டா பெருக்குவேன். மகள்னு பார்க்க மாட்டேன்."

"பெருக்கித்தான் பாருங்களேன்."

இரண்டு பேரும் வாயை மூடிக்கொண்டு சாப்பிடும்படி அவர் மனைவி லூயெல்லா சோளரொட்டித் தட்டை நடுவில் தள்ளினாள். பெருக்குவேன் என்று வாயில் சொன்னாலும் எல்மோர் மறுநாள் ஹாஸ்கின்ஸிடம் போய் அந்தப் புதனுக்கு மட்டும் லீவு கேட்டார். அப்பன் மகளைப் பெருக்குகிற காட்சிக்குக் கூட்டம் அலைமோதும் என்று ஹாஸ்கின்ஸ் சிரித்தார்.

புதன் வந்தது. அந்த வரியில் வெர்னிடா இசைத்தட்டு மாதிரியே விம்மினாள்.

"யாராவது அந்தப் பொண்ணுக்குக் கைக்குட்டை குடுங்கப்பா, சளி பிடிச்சிருக்கு," என்றார் மாடியில் ஒருவர்.

ஊளை கிளம்பியது. டிரம் முழங்கியது. எல்மோர் வந்தார்.

துடைப்பத்தைப் பார்த்ததும் வெர்னிடாவின் விம்மல் நின்றது, பாட்டு நிற்கவில்லை. அவர் பக்கம் திரும்பி, விரலை நேராக அவர் நெஞ்சுக்கு நீட்டி அதே வரியை மறுபடி பாடினாள். சொட்டுக் கண்ணீர் இல்லை. அடித்தொண்டையிலிருந்து வந்த வெறுப்பு மட்டும். போறதுன்னா போ.

கூட்டம் கப்சிப்பென்று அடங்கியது. "சொல்லுடி," என்றாள் முன்வரிசைக்காரி ஒருத்தி, "அவன்கிட்டச் சொல்லு."

அந்தப் பாட்டை யாரும் அப்படிப் பாடி எல்மோர் கேட்டதில்லை. துடைப்பம் பாதி வழியில் நின்றது. ஓரத்தில் ஹாஸ்கின்ஸ் கழுத்தை அறுப்பதுபோல் விரலை இழுத்துக் காட்டினார்.

எல்மோர் பெருக்கினார். வெர்னிடா நீட்டிய விரலை இறக்காமல், பாடிக்கொண்டே பின்னால் நடந்து திரைக்குள் மறைந்தாள். கூட்டத்தின் ஊளை இப்போது அவர்மேல் திரும்பியது. கோழி எலும்புகள் பறந்து வந்தன.

பரிசு வேறொருத்திக்குப் போனது. வெர்னிடா அன்றே அத்தை வீட்டுக்குப் போய்விட்டாள். அப்பாவோடு பேச்சில்லை. லூயெல்லா போனை அவரிடம் கொடுத்தால் மறுமுனையில் வெர்னிடா வைத்துவிடுவாள். தெருவிலிருக்கும் மதுக்கடை மேடைகளில் அந்தப் பாட்டைத் தன் மாதிரியில், விரலை நீட்டிப் பாடினாள். அதைக் கேட்கவே ஆட்கள் வந்தார்கள்.

குளிர்காலம் வருவதற்குள் புதன்கிழமைப் பெண்கள் விம்முவதை விட்டார்கள். இப்போது அந்த வரி வந்ததும் எல்லாரும் எல்மோர் நிற்கிற ஓரத்துக்குத் திரும்பி விரலை நீட்டுகிறார்கள். அது யாருடைய கோபம், யார்மேல் என்று ஒருத்திக்கும் தெரியாது. கூட்டம் ஊளையிடுகிறது, எல்மோர் பெருக்குகிறார், முன்னைவிட முரட்டுத்தனமாக.

ஏன் இப்படி முட்டித் தள்ளுகிறீர்கள் என்று போன வாரம் ஒரு பெண் திரைக்குப் பின்னால் கேட்டாள். அவள் கை இன்னும் நீண்டபடியே இருந்தது.

"முதல்ல விரலை மடக்கு," என்றார் எல்மோர்.