ஜப்பான்காரர் தட்டிப் பார்த்த தோல்

அறுபதுகளின் தொடக்கத்தில், திண்டுக்கல்லில் என் மாமனாரின் தோல் பதனிடும் ஷாப்புக்கு ஒரு ஜப்பான்காரர் வந்தார். கூடவே மெட்ராஸ் ஏஜென்ட் ஒருவர். ஆவாரம்பட்டையில் பதனிட்டு அடுக்கிய நல்ல சரக்கையெல்லாம் ஜப்பான்காரர் திரும்பியும் பார்க்கவில்லை. பதனிடாமல், மயிர் மட்டும் நீக்கிக் காயவைத்த ஆட்டுத் தோலை விரலால் சுண்டிக் காதோடு வைத்துக் கேட்டார்.

“தோலப் போயி எவனாச்சும் காதுல வச்சுக் கேப்பானா? வெலயக் கொறைக்க வேசம் போடுறான்” என்றார் மாமனார், கைகழுவ வீட்டுக்குள் வந்தபோது.

எனக்கு விலை கவலை இல்லை, பூனைதான் கவலை. பிறந்த வீட்டிலிருந்து என்னோடு வந்த ஒரே ஜீவன் அது. குட்டி போட்டு, முற்றத்தில் பால் கொடுத்துக்கொண்டிருந்தது. சாப்பிட உட்கார்ந்த அந்த ஜப்பான் மனுஷன் வெஞ்சனத்தைத் தொடாமல் அதையே பார்த்தார். பூனையை அப்படி யார் பார்ப்பார்கள்?

சாப்பிட்டபின் கூடத்தில் ஒரு பட்டுத்துணியை அவிழ்த்தார். உள்ளே ஒரு வாத்தியம்: நீண்ட கழுத்து, மூன்று நரம்பு, அடியில் சதுரப் பெட்டி. அதன்மேல் வெள்ளைத் தோல். திரைக்குப் பின்னால் நின்ற எனக்கு அந்தத் தோலில் நான்கு சின்னப் புள்ளிகள் தெரிந்தன. காலையில் குட்டிகள் மோதிக்கொண்டு குடித்த காம்புகள் போலவே. யாரும் சொல்லாமலே எனக்குப் புரிந்துவிட்டது. ஓடிப்போய்த் தாயையும் குட்டிகளையும் அரிசி அறையில் போட்டுத் தாழிட்டேன்.

“பரம்பரையா பூனைத் தோல்தானாம்” என்று, நான் திரும்பி வந்தபோது, ஏஜென்ட் மாமனாரிடம் சொல்லிக்கொண்டிருந்தார். “இப்ப அது சரியா கிடைக்கல. கத்துக்க வர்ற பிள்ளைங்களும் குறைஞ்சுட்டாங்க. ஆட்டுத் தோல் அதே மாதிரி பேசினா இந்த வித்தை நிலைச்சு நிக்கும்ங்கிறார்.”

ஆட்டைத் தேடுகிறவனுக்கு என் பூனை மேல் என்ன கண்? எனக்கு நம்பிக்கை வரவில்லை.

ஜப்பான்காரர் வாசித்துக் காட்டினார். விறகு தெறிப்பதுபோல் வெட்டி வெட்டி வந்த சத்தம். அதைக் கேட்டோ என்னவோ, பூனை ஜன்னல் வழியாகக் குதித்து நேரே கூடத்துக்குப் போய் அவர் முன்னால் உட்கார்ந்தது. நான் பதறி, முக்காட்டைக்கூடச் சரிசெய்யாமல் அந்நிய ஆண்கள் முன்னால் போய் நின்றேன்.

அவர் கை நின்றது. பட்டுத்துணியை எடுத்து, அந்த நான்கு புள்ளிகளையும் மூடினார். பிறகு பூனையைப் பார்த்துத் தலை குனிந்தார்.

பூனையை வாரிக்கொண்டு உள்ளே வந்தேன். நான் கதவைச் சாத்திய பிறகுதான் மறுபடி வாசிக்கும் சத்தம் கேட்டது.