ஷாகிரா எழுதியது நாற்றம்

ஷாகிரா மாரடைப்பில் போய்விட்ட செய்தி, வாட்ஸாப்பில் ஒரு பேனர் படமாக வந்தது. ஆம்பூரில் நானும் அவளும் பக்கத்துப் பக்கத்து மெஷினில் ஷூ தைத்த கம்பெனிதான் அடித்திருந்தது. "எங்கள் கவிஞர்" என்று போட்டு, கீழே அவளுடைய கவிதை:

என் கையின் நறுமணம்
கழுவினால் போகாது,
அதில்தான் என் அடுப்பு எரிகிறது.

அழுகைக்கு முன்னால் எனக்கு அருவருப்புதான் வந்தது. நறுமணம் இல்லை, அவள் எழுதியது நாற்றம்.

அவளை அறிந்தவர்களுக்கு இந்தச் சண்டை தெரியும். கம்பெனி ஆண்டு விழாவில் அந்தக் கவிதையைப் படிக்கக் கூப்பிட்டுவிட்டு, முந்தின நாள் மேனேஜர் வந்தார். ஷூ வாங்கும் வெளிநாட்டு பையர்கள் வருகிறார்களாம், அந்த ஒரு சொல்லை மட்டும் மாற்ற வேண்டுமாம். அவர்களுக்குத் தமிழ் தெரியுமா என்று யாரும் கேட்கவில்லை. ஷாகிரா மெஷினை நிறுத்தாமலே சொன்னாள்: "எங்கப்பா தோல் பதனிடுற டேனரில சுண்ணாம்புத் தொட்டில நின்னாரு, கை நாறுச்சி. நான் ஏசில உக்காந்து தைக்கிறேன், கை ஷூ ஒட்டுற சொல்யூஷன் நாறுது. வேலை மாறிச்சி சார், நாத்தம் போவல."

விழாவுக்கு வந்த தமிழ்ப் பேராசிரியர் ஒருவர் சமாதானம் பேசினார். பழந்தமிழில் நாற்றம் என்றாலே நறுமணம்தான், மாற்றினாலும் பொருள் ஒன்றே என்றார். படித்தவர் போடும் ஜால்ராவைக் கேட்க எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஷாகிராவோ நிஜமாகவே வியந்தாள்.

"நல்ல சொல்லாவா இருந்துச்சி? அப்பறம் ஏன் சார் மட்டமாச்சி? எங்க கைக்கு வந்ததாலயா?"

அவர் காபி குடிக்கப் போய்விட்டார். அவளை மேடை ஏற்றவில்லை.

"பேஜாராவாத, விடுடி. மேடை இல்லன்னா இன்னா, பஸ் இருக்குது," என்றாள் என்னிடம். அன்று மாலை கம்பெனி பஸ்ஸில் படித்தாள். மறுநாளும் படிக்கச் சொன்னார்கள். போகப் போக எங்கள் லைன் பெண்கள் எல்லோருக்கும் அது மனப்பாடம்.

நேற்று கேன்டீனில் இரங்கல் கூட்டம். அதே மேனேஜர், அதே பேராசிரியர், முகத்தில் கூச்சமே இல்லை. கவிதை படிக்க என்னை அழைத்தார்கள்.

"பேனர்ல இருக்குறத அப்படியே படிம்மா," என்றார் மேனேஜர்.

"என் கையின்" என்று தொடங்கினேன். அடுத்த சொல்லைப் படிக்க அருவருப்பாக இருந்தது, நிறுத்திவிட்டேன். ஷிப்ட் முடிந்து பின்னால் நின்ற பெண்கள் ஒரே குரலில் எடுத்துக் கொடுத்தார்கள்.

"நாற்றம்."

மீதியையும் அவர்களே சொல்லி முடித்தார்கள்.

அவளிடமிருந்து நான் வைத்துக்கொள்வது அந்த ஒரு சொல்லைத்தான். வீட்டுக்கு வந்து, சோப்புப் போட்டுக் கழுவிவிட்டுச் சோற்றில் கை வைத்தேன். கை நாறியது. பிசைந்து சாப்பிட்டேன்.