மன்னரின் இடுப்புப் பாயும் லூசியானேயும்

"சீமாட்டி லூசியானே வைமோவானா. மன்னரின் அரசவைத் தோழி. ஆர்வங்கள்: குதிரையேற்றம், நீர்வண்ண ஓவியம், பண்டைய கலைப்பொருட்கள்."

பசிபிக் தீவு நாடான டோங்காவின் மன்னர் ஐரோப்பாவுக்கு அரசுமுறைப் பயணம் போனபோது, வரவேற்ற நாடு வழவழப்பான தாளில் அச்சிட்ட கையேட்டில் இப்படித்தான் இருந்தது. லூசியானே சீமாட்டி அல்ல, மீன்பிடிக்காரரின் மகள். அவளுக்குத் தெரிந்த குதிரை, மச்சானின் தேங்காய் வண்டியை இழுத்த கிழட்டுக் குதிரை. அதன் மேல் அவள் ஏறியதில்லை. அவள் உடம்பைப் பார்த்தால் குதிரையும் சம்மதித்திருக்காது. அவர்கள் அனுப்பிய படிவத்தில் கட்டத்தைக் காலியாக விட்டால் மரியாதை இல்லையே என்று மன்னரின் செயலர் தன் கற்பனையால் நிரப்பியிருந்தார். கடைசி ஆர்வம் மட்டும் பாதி உண்மை. மன்னரின் பாய்கள் அவள் பொறுப்பில் இருந்தன.

இப்போதெல்லாம் மன்னர் வெளிநாடு போனால் வானொலியில் ஒரு வரி. அப்போது தலைநகர் நூக்குவலோஃபாவே கிளம்பி வந்து வழியனுப்பும். பித்தளை வாத்தியக்காரர்கள் தொண்டை நரம்பு தெறிக்க ஊதுவார்கள். சர்ச் பெண்கள் பாட்டும் அழுகையுமாக நிற்பார்கள். பயணத்தில் பசித்தால் என்ன செய்வார் என்று சுட்ட பன்றிக்குட்டிகளையும் வள்ளிக்கிழங்கையும் ஓலைக்கூடையில் கட்டி விமானத்துக்குள் தள்ளிவிடுவார்கள். விமானத்தில் புகைபிடிக்க அனுமதி இருந்த காலம் என்பதால், பன்றி வாசம் யாருக்கும் தனியாகத் தெரியவில்லை.

அந்த முறை லூசியானேயோடு போனது அந்தப் பழைய பாய். மன்னரின் முன்னோர்கள் தலைமுறை தலைமுறையாக இடுப்பில் கட்டியது. ஓரமெல்லாம் நைந்து, நடுவில் கிழிந்து, நார் நாராகத் தொங்கும். கிழியக் கிழியத்தான் அதற்கு மதிப்பு. இன்னொரு முடிசூடியவரின் விருந்தில் அது இடுப்பில் இல்லாமல் உட்கார்ந்தால், டோங்கா மன்னர் அரை உடுப்போடு உட்கார்ந்ததாகத்தான் அர்த்தம். ஊரில் அந்தப் பாயைக் கடந்து போகும்போதுகூடப் பெண்கள் குனிந்துதான் போவார்கள். ஹோட்டலில் லூசியானே அதை மடிப்பு விழாமல் இருக்க, ஊர் வழக்கப்படி தன் மெத்தைக்கு அடியில் விரித்து, மேலே படுத்துக்கொண்டாள்.

விருந்து நாளன்று சாயங்காலம் மெத்தையைத் தூக்கினால், பாய் இல்லை.

பரிசுகளுக்குப் பொறுப்பாக வந்திருந்த பிரபு வீட்டு அம்மாள் லவினியாவின் அறைக்கு ஓடினாள்.

"அம்மா, என் மெத்தைக்கு அடியில ஒரு பாய் இருந்துச்சே?"

"அதுவா? காலையில அரண்மனைக்குப் போன பரிசுக்கு மேல சுத்தி அனுப்பிட்டேன்டி. கொண்டுவந்த பாயெல்லாம் ஒரே பளபளப்பு. நேத்துப் பின்னினதுன்னு குருடனுக்கும் தெரியும். நல்லதா ஒண்ணாவது இல்லாட்டி நம்ம மானம் என்னாகும்? நீ துணி தேய்ச்சிட்டிருந்த, நானே உருவிக்கிட்டேன்."

"அம்மா, அது மன்னர் கட்டுற பாய்."

லவினியா அப்படியே கட்டிலில் உட்கார்ந்துவிட்டார். உயர்ந்ததைக் கொடுக்க வேண்டும் என்ற நல்லெண்ணத்தில், உயர்ந்தவற்றில் உயர்ந்ததையே கொடுத்திருந்தார். டோங்காக்காரர் தவிர வேறு யாருக்கும் அந்தத் தப்பைச் செய்யத் தோன்றியிருக்காது.

"குடுத்ததத் திருப்பிக் கேக்க முடியாது லூசியானே. மன்னர் வேற பாய் கட்டிக்கட்டும்."

"நீங்க கேக்காதீங்க. அது இல்லாம நான் ஊர்ல எந்த மூஞ்சிய வெச்சுக்கிட்டு எறங்குவேன்?"

ஓட்டுநரைக் கெஞ்சி அரண்மனைக்குப் போனாள். பள்ளிக்கூடத்து ஆங்கிலம் கொஞ்சம் கைகொடுத்தது. பரிசுகளைப் பார்த்துக்கொள்ளும், மூக்குக்கண்ணாடி போட்ட பெண் சிரித்த முகமாக அழைத்துப் போனாள். நீள மேசையில் புதுப் பாய்கள் விளக்கொளியில் மின்னின. பழையது கண்ணில் படவில்லை.

"எவ்வளவு அழகு! பத்திரமா கண்ணாடிப் பெட்டியில வெக்கப்போறோம். இனி ஒரு நூல்கூட வெளிய போகாது" என்றாள் அந்தப் பெண்.

"மேல ஒண்ணு இருந்துச்சே?"

"ஓ, சுத்திக் கட்டியிருந்த அந்தக் கந்தலா? சமையல்கட்டுக்குப் பின்னால போட்டிருக்கோம். குப்பை வண்டி இன்னும் வரல."

லூசியானேவுக்கு ரத்தம் கொதித்தது. அந்தக் கந்தலின் கதையைச் சொன்னால் இந்தப் பெண் வெட்கத்தில் சுருண்டு போவாள். சுருண்டபின் என்ன செய்வாள்? ஓடிப்போய் எடுத்து, தூசி தட்டி, கண்ணாடிப் பெட்டியில் முதல் இடத்தில் வைப்பாள். பாய்க்கு மரியாதை கிடைக்கும், மன்னருக்குப் பாய் கிடைக்காது.

"ஆமாம்மா, வெறும் சாக்குதான்" என்றாள். சொன்னபோது நாக்கு சுட்டது. "பொருள் கட்டிக்கிட்டுப் போக வேணும்."

"இதையா? நல்ல கோணிப்பையா ரெண்டு தரட்டுமா?"

"வேணாம்மா. எனக்கு இந்தச் சாக்குதான் பழக்கம்."

அந்தப் பெண் பரிதாபப்பட்டு, சாக்கை எடுத்துக்கொள்ளச் சொல்லி, ஒரு பொட்டலம் பிஸ்கட்டும் கொடுத்தனுப்பினாள்.

ஊர் திரும்பியபின் இந்தக் கதை பாய் பின்னும் கொட்டகையில் எத்தனையோ மழைக்காலங்களை ஓட்டியது. பெண்கள் எலுமிச்சை இலைத் தேநீர் ஊற்றிக் கொடுத்து மறுபடி மறுபடி சொல்லச் சொல்வார்கள்.

"அரசப் பாயைச் சாக்குன்னு சொன்ன வாயாடி நீ ஒருத்திதான்க்கா. மன்னரோட கொள்ளுப்பாட்டன் மட்டும் உசுரோட இருந்திருந்தா உன் தலை எங்க இருக்கும்?"

"அவரே வந்து அந்தக் குப்பைமேட்டப் பாத்திருந்தா, 'சீக்கிரம் சாக்குன்னு சொல்லுடி'ன்னு என் காதுல சொல்லியிருப்பாரு."

"பிஸ்கட்டாவது நல்லா இருந்துச்சா?"

"மன்னருக்கும் ஒண்ணு குடுத்தேன். ரெண்டாவதும் எடுத்துக்கிட்டாரு."

சிரிப்பு அடங்கியதும் லூசியானே கொஞ்ச நேரம் ஓலையைக் கிழிக்காமல் மடியில் வைத்திருப்பாள். அந்தக் குளிர், அந்த விளக்குகள், விமானத்தடியில் ஊரே பாடிய பாட்டு எல்லாம் வந்துபோகும். இப்போது வழியனுப்பப் பாடுவதற்கு யாரும் போவதில்லை.

அன்று அவள் குப்பைக் கூடைக்குப் பக்கத்திலிருந்து பாயை எடுத்து, உருளைக்கிழங்குத் தோலை உதறி, ஹோட்டலுக்குக் கொண்டுவந்து, விருந்துக்குக் கார் வருமுன் மண்டியிட்டு மன்னரின் இடுப்பில் கட்டிவிட்டாள்.