மீற்றர் கண்ட பிறை

கிண்ணியா நிலா மின் நிலையத்தில் ஷிஃபானாவுக்குப் பதினொரு வருடமாக மீற்றர் பார்க்கும் வேலை. நிலவின் இழுவையை அங்குள்ள தகடுகள் கரண்டாக்கும். மேகம் மூடினாலும், வானில் புதுப் பிறை இருந்தால் முள் அசைந்துவிடும்.

அன்று இருபத்தொன்பதாம் நோன்பு; பிறை கண்டால் மறுநாள் பெருநாள், காணாவிட்டால் இன்னொரு நோன்பு. மாலை மஃரிப் தொழுகைக்குப் பிறகும் வானம் கறுத்தே கிடந்தது. பிறையை யாரும் காணவில்லை. இறைச்சிக்கடை வைத்திருக்கும் அக்கா புருசன் முனீப் போன் எடுத்தார்.

"முள் அசைஞ்சதா? நாளைக்குப் பெருநாள் எண்டா மாடு அறுக்கோணும்."

"பிறையைக் கண்ணால காணோணும் மச்சான். மீற்றரைக் கேட்டுப் பெருநாள் எடுக்க ஏலாது. போனை வைங்க!"

முள் இரண்டு கோடு ஏறி நின்றது. அதைப் பதிவேட்டில் எழுதி, அலுமாரியைப் பூட்டினாள். வீட்டுக்குப் போய், முப்பதாம் நோன்புக்கு விடியுமுன் சாப்பிடும் சஹர் சோற்றுக்கு அரிசி களைந்தாள்.